பகீரதப் பிரயத்தனம்னு எதைச் சொல்லலாம்?



இது கொஞ்சம் நீளமான பதிவு. ஓய்வா இருக்கும்போது படிங்க. ஒரே ஒரு சொல்லைப் பத்தித்தான் எழுதுறோம். ஆனா அந்தச் சொல்லுக்குப் பின்னாடி ஒரு ஆறே ஓடுது, அதனால சுருக்க முடியல.

"பகீரத" என்பதுதான் அந்தச் சொல். அது தனியா நிக்காது. "பகீரதப் பிரயத்தனம்", இல்லன்னா "பகீரத முயற்சி". பெரும்பாலும் இந்த ரெண்டு இடத்துலதான் அதைப் பார்க்கலாம். பிரயத்தனம்னாலும் முயற்சிதான். முந்தியெல்லாம் கோயில் மேடையில, கல்யாண வாழ்த்துரையில, பத்திரிகைத் தலையங்கத்துல இந்தச் சொல் சாதாரணமா வரும். இப்ப ரொம்பக் குறைஞ்சு போச்சு. இளையவங்க சில பேர் இதைப் "பகிரங்கம்"னு நினைச்சுக்கிறாங்க. பகிரங்க முயற்சின்னா ஊருக்கெல்லாம் தெரியுற மாதிரி செய்யுற முயற்சியாம்! கேட்டா சிரிப்புத்தான் வருது. ஆனா அவங்களைக் குறை சொல்ல முடியாது, சொல்லிக் கொடுக்க வேண்டியது நாமதானே.

அதைவிட வருத்தமான விஷயம், சொல் தெரிஞ்சவங்களே அதை மலிவாக்குறது. தைப்பூசத்தன்னிக்குப் பத்துமலையில கார் நிறுத்த இடம் கிடைச்சா பகீரதப் பிரயத்தனம். மகளுக்கு மண்டபம் புக் பண்ணிட்டா பகீரதப் பிரயத்தனம். "ரொம்பக் கஷ்டப்பட்டு"ன்னு சொல்ல வேண்டிய இடத்துல எல்லாம் இதைத் தூக்கிப் போடுறாங்க.

சொல்லோட அமைப்பை முதல்ல பார்ப்போம். பகீரதன் என்ற பேர்ல கடைசி "ன்" போயி "பகீரத"ன்னு நின்னு அடுத்த சொல்லோட ஒட்டிக்குது. இந்த மாதிரி புராணத்துலேர்ந்து வந்த அடைமொழிகள் நம்மகிட்ட இன்னும் சிலது இருக்கு. கும்பகர்ணத் தூக்கம், திரிசங்கு சொர்க்கம், பீஷ்ம சபதம். இதுல ஒரு வேடிக்கையைக் கவனிங்க. ஒவ்வொண்ணுக்கும் ஒரு ஜோடிதான். கும்பகர்ணன் சாப்பிட்டதும் மலையளவுதான், ஆனா அவன் பேர் தூக்கத்தோட ஒட்டின மாதிரி வேற எதோடவும் ஒட்டல. அதே மாதிரி பகீரதக் கோபம், பகீரதப் பசி, பகீரத மழைன்னு யாரும் சொல்றதில்ல. "பகீரத" என்பதுக்கு "பெரிய"ன்னு மட்டும் அர்த்தம் இருந்தா எல்லாத்தோடவும் சேர்ந்திருக்கணும். சேரலையே. மலையாளம், தெலுங்கு, கன்னடம், இந்தி எல்லாத்துலயும் இதே பேர் முயற்சியோடதான் ஒட்டி நிக்குது. அப்படின்னா இந்த முயற்சிக்குன்னு தனியா ஒரு குணம் இருக்கணும்.

அது என்னன்னு தெரிய கதைக்குப் போகணும். வால்மீகி ராமாயணம் பாலகாண்டத்துல, விசுவாமித்திரர் ராமர் லட்சுமணரைக் கூட்டிக்கிட்டு நடந்து போறப்ப சொல்ற கதை இது. கம்பரும் தன்னோட பாலகாண்டத்துல சொல்லியிருக்கார்.

அயோத்தி ராஜா சகரன். ரெண்டு மனைவி. ஒருத்திக்கு அசமஞ்சன்னு ஒரே மகன், இன்னொருத்திக்கு 60,000 பிள்ளைங்க. சகரன் அசுவமேத யாகம் செய்ய, இந்திரன் குதிரையைத் திருடிட்டுப் போயிட்டான். தேடப் போன 60,000 பேரும் பூமியைத் தோண்டினாங்க. வழியில இருந்த உயிர்களை எல்லாம் கொன்னுக்கிட்டே பாதாளம் வரைக்கும் போனாங்க. அங்க கபில முனிவர் தவத்துல இருக்கார், பக்கத்துல குதிரை மேயுது. "நீதான் திருடன்"னு பாய்ஞ்சாங்க. அவர் ஒரு ஹுங்காரம் போட்டார். அவ்வளவுதான், 60,000 பேரும் சாம்பல்.

பிள்ளைங்க திரும்பலையேன்னு சகரன் தன் பேரன் அம்சுமானை அனுப்புறான். இவன் அசமஞ்சனோட மகன். அவன் போய்ச் சாம்பல் குவியலைப் பார்க்கிறான். நீர்க்கடன் செய்யலாம்னா தண்ணி இல்ல. அப்ப கருடன் வந்து சொல்றார்: இந்தச் சாம்பலுக்குச் சாதாரணத் தண்ணி ஆகாது, ஆகாயத்துல ஓடுற கங்கைதான் வேணும். அம்சுமான் குதிரையை மட்டும் ஓட்டிக்கிட்டுத் திரும்புறான்.

இங்கேர்ந்துதான் முக்கியமான கட்டம். நம்ம பிரசங்கத்துல பல பேர் வேகமா தாண்டிப் போற இடமும் இதுதான். சகரன் அதுக்கப்புறம் 30,000 வருஷம் ஆண்டான், கங்கையைக் கொண்டுவர வழி தெரியல, செத்துப் போயிட்டான். அம்சுமான் ராஜ்யத்தை மகன் திலீபன்கிட்ட கொடுத்துட்டு இமயமலைக்குப் போய் 32,000 வருஷம் தவம் இருந்தான். வரல. அவனும் போயிட்டான். திலீபன் 30,000 வருஷம் ஆண்டான், யாகம் எல்லாம் செஞ்சான், ஆனா முன்னோர்களை எப்படிக் கரையேத்துறதுங்கிற கவலையிலேயே நோயாளியாகி இறந்தான். மூணு தலைமுறை. மூணும் தோல்வி.

நாலாவதா வந்தவன்தான் பகீரதன். அவனுக்குப் பிள்ளையும் கிடையாது. ராஜ்யத்தை மந்திரிங்ககிட்ட ஒப்படைச்சுட்டு கோகர்ணத்துல போய்த் தவம் இருந்தான். பிரம்மா வந்து சரின்னார். வேலை முடிஞ்சுதான்னா இல்ல. கங்கை அப்படியே விழுந்தா பூமி தாங்காது, சிவபெருமானைக் கேள்னு சொல்லிட்டார். ஒரு வருஷம் கால் கட்டைவிரல் நுனியில நின்னான். சிவன் சம்மதிச்சுத் தலையைக் காட்டினார். கங்கைக்குக் கர்வம், அவரையே பாதாளத்துக்குத் தள்ளிடலாம்னு பாய்ஞ்சாள். சடைக்குள்ள போனவளுக்கு வெளியே வர வழியே தெரியல. மறுபடியும் தவம். சடையிலேர்ந்து விட்டதும், தேர்ல முன்னாடி பகீரதன், பின்னாடி கங்கை. வழியில ஜன்னு முனிவரோட யாகசாலையை வெள்ளம் அடிச்சுட்டுப் போச்சு. அவர் கோபத்துல ஆத்தையே குடிச்சுட்டார். அவரைச் சமாதானம் பண்ணிக் காது வழியா வெளியே விட வச்சு, கடல் வரைக்கும், அங்கேர்ந்து பாதாளம் வரைக்கும் கூட்டிட்டுப் போய், அந்தச் சாம்பல் மேல பாய விட்டான்.

அந்த 60,000 பேர் பகீரதனுக்கு யார்? கொள்ளுத்தாத்தாவோட தம்பிமாருங்க, அதுவும் இன்னொரு பாட்டி வயித்துப் பிள்ளைங்க. இவன் அவங்களைப் பார்த்ததே இல்ல. நல்லவங்களும் கிடையாது, செஞ்ச அக்கிரமத்துக்குத்தான் சாம்பல் ஆனாங்க. இருந்தாலும் நீர்க்கடன் இல்லாம கிடக்கிறாங்களேன்னு ஒருத்தன் தன் வாழ்நாளைக் கொடுத்திருக்கான்.

அதனால எங்க கணக்குல பகீரதப் பிரயத்தனம்னா அதுல மூணு விஷயம் இருக்கணும். நமக்கு முன்னாடி யாரோ தொடங்கி முடியாமப் போனதா இருக்கணும். வரம் கிடைச்ச பிறகும் தடை மேல தடை வந்து, விடாம செஞ்சதா இருக்கணும். பலன் நமக்கு இல்லாம வேற யாருக்கோ போறதா இருக்கணும். கார் நிறுத்துற இடம் இதுல எங்க வருது?

ஆங்கிலத்துல இதுக்கு ஈடா "ஹெர்குலியன்"னு போடுவாங்க. எங்களுக்கு அது சரியாப் படல. கிரேக்கக் கதையில ஹெர்குலிஸ், வெறி பிடிச்சு சொந்தப் பிள்ளைங்களையே கொன்ன பாவம் தீர 12 வேலை செய்யுறார். அதுல ஒண்ணு, பல வருஷமா அள்ளாத மாட்டுத் தொழுவத்தைச் சுத்தம் பண்றது. அவர் ரெண்டு ஆத்தைத் திருப்பி விட்டு ஒரே நாள்ல கழுவிட்டார். பாருங்க, அங்கேயும் ஆறுதான். ஆனா அது புஜபலம், ஒரே நாள், தன் பாவத்துக்காக. எங்க தொழிற்சாலையில மாசக் கடைசியில ஓவர்டைம் போட்டு டார்கெட்டை முடிக்கிறோமே, அது ஹெர்குலிஸ் வேலை. பகீரதன் வேலை ரகமே வேற.

இந்த வித்தியாசம் நம்ம முன்னோர்களுக்கு நல்லாத் தெரிஞ்சிருக்கு. அதுக்கு ஒரு சாட்சி, நம்ம நாட்டோட சம்பந்தப்பட்ட ராஜா ஒருத்தரோட செப்பேட்டுலயே இருக்கு. முதலாம் ராஜேந்திர சோழன். 1025-ல கடாரத்துக்குப் படை அனுப்பினவர். கடாரம்னா நம்ம கெடா. அதுக்கு ரெண்டு மூணு வருஷம் முன்னாடி வடக்கே படை அனுப்பிக் கங்கைத் தண்ணியைக் கொண்டுவர வச்சார். அதனாலதான் கங்கைகொண்ட சோழன், கங்கைகொண்ட சோழபுரம். அங்க சோழகங்கம்னு பெரிய ஏரி வெட்டினார், இப்ப அதைப் பொன்னேரின்னு சொல்றாங்க. தண்ணியாலேயே ஆன வெற்றித்தூண்னு செப்பேடு அதை வர்ணிக்குது.

அதே திருவாலங்காட்டுச் செப்பேட்டுல, சமஸ்கிருதப் பகுதியில, புலவர் ஒரு விஷயம் சொல்றார். பகீரதன் தவ வலிமையால கங்கையை இறக்கினான், இந்த ராஜா அவனைப் பார்த்துச் சிரிச்சுட்டு, தன் தோள் வலிமையால கங்கையைத் தன் நாட்டுக்குக் கொண்டுவரப் புறப்பட்டார்னு. சோழர்கள் தங்களைச் சூரிய குலம்னு சொல்லிக்கிட்டவங்க. பகீரதனும் சூரிய குலம். அப்ப சொந்த மூதாதையைப் பார்த்துத்தான் கேலி! ராஜாவைப் புகழணும்னு புலவர் எழுதினது, அதை விடுங்க. நமக்கு முக்கியம் என்னன்னா, ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே பகீரதன் பேர் ஒரு அளவுகோலா இருந்திருக்கு. தவத்தால செஞ்சது ஒரு பக்கம், பலத்தால செஞ்சது இன்னொரு பக்கம்னு பிரிச்சுத்தான் எழுதியிருக்காங்க. ராஜேந்திரன் கங்கை கொண்டது பெரிய காரியம்தான். ஆனா அவரோட சொந்தச் செப்பேட்டுப்படியே அது பகீரதப் பிரயத்தனம் இல்ல.

(கடாரம் கடாரம்னு யூடியூப்ல மார்தட்டுற தம்பிங்களுக்கு ஒரு வார்த்தை. கடாரத்துக்கு வந்த படையில உங்க தாத்தா இருந்தாரான்னு தெரியாது. ரஜூலா கப்பல்ல வந்த தாத்தாவை உங்க பாட்டிக்குத் தெரியும். அவர் பேரை முதல்ல கேட்டு எழுதி வைங்க.)

சிற்பத்துலயும் இந்தக் கதை இருக்கு. திருச்சி மலைக்கோட்டையில முதலாம் மகேந்திரவர்ம பல்லவன் குடைஞ்ச மேல் குகையில கங்காதர மூர்த்தி நிக்கிறார், சடையில கங்கையைத் தாங்குற கோலம். மாமல்லபுரத்துல அர்ச்சுனன் தபசுன்னு சொல்ற பெரிய பாறைச் சிற்பத்தையும், அது பகீரதன் தவம்தான்னு சொல்ற அறிஞர்கள் உண்டு. பாறை நடுவுல இருக்கிற வெடிப்புல நாகங்கள் இருக்கு, மேலேர்ந்து தண்ணி விழ ஏற்பாடும் இருந்திருக்கு. ரெண்டு பக்கமும் வாதம் பலமா இருக்கு, நாங்க அதுக்குள்ள போகல. தேவாரத்துலயும் பகீரதன் பேர் வருது. ஓதுவார் பாடும்போது காது கொடுத்துக் கேளுங்க.

இந்த ஒரு கதையிலேர்ந்து இன்னும் சில சொற்கள் பிறந்திருக்கு. சகரன் பிள்ளைங்க தோண்டினதால கடலுக்குச் சாகரம்னு பேர். ஜன்னு முனிவர் காதுலேர்ந்து வந்ததால கங்கைக்கு ஜானவின்னு பேர். பகீரதன் மகள் மாதிரி ஆனதால பாகீரதி. நம்ம பொண்ணுங்களுக்கு இந்தப் பேரெல்லாம் வைக்கிறோம், கதை தெரியாமலே. இமயமலையில கோமுகத்துலேர்ந்து வர்ற ஆத்துக்கு இன்னிக்கும் பாகீரதின்னுதான் பேர். தேவப்பிரயாகையில அளகநந்தாவோட சேர்ந்த பிறகுதான் அது கங்கை. நீர் அளவுல அளகநந்தாதான் பெரிசு, ஆனாலும் மூலநதின்னு ஜனங்க கும்பிடுறது பாகீரதியை. ஆறு கடல்ல சேருற வங்காளத்துச் சாகர் தீவுல கபிலருக்குக் கோயில் இருக்கு, நாம பொங்கல் வைக்கிற சமயத்துல அங்க லட்சக்கணக்கானவங்க முழுகுறாங்க. தெலங்கானாவுல வீட்டுக்கு வீடு குடிதண்ணி கொடுக்க 2016-ல தொடங்கி வச்ச திட்டத்துக்கும் மிஷன் பகீரதன்னு பேர் வச்சாங்க. தண்ணிக் காரியத்துக்கே அந்தப் பேர் திரும்பி வந்திருக்கு, அது எங்களுக்குப் பிடிச்சிருந்தது.

சரி, நம்ம மலேசியாவுக்கு வருவோம். இங்க இந்தச் சொல்லை எங்க வைக்கலாம்?

1960-ல துன் சம்பந்தன் தொடங்கின தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைச் சொல்லலாம். வெள்ளைக்காரன் தோட்டத்தைத் துண்டு துண்டா வித்துட்டுப் போறான், பால்மரம் வெட்டுற ஜனம் நடுத்தெருவுக்கு வருது. அப்ப தோட்டம் தோட்டமாப் போய், மாசம் 10 வெள்ளின்னு தொழிலாளிங்ககிட்டயே சேர்த்து, தோட்டத்தையே வாங்கினாங்க. கட்டினவங்கள்ல பல பேர் அதோட பலனைப் பார்க்கல, பிள்ளைங்க பார்த்தாங்க. அங்க அந்தச் சொல் உக்காரும்.

இன்னொண்ணு, சொல்லவே மனசு கனக்குது. சயாம் மரண ரயில். 1942, 43-ல ஜப்பான்காரன் 415 கிலோமீட்டர் தண்டவாளம் போட நம்ம தோட்டத்து ஆளுங்களை ஆயிரக்கணக்குல கொண்டு போனான். காலராவுல, பசியில, அடியில செத்தவங்களைக் குவியலாப் போட்டு எரிச்சாங்க. வெள்ளைக்காரப் போர்க்கைதிகளுக்குக் காஞ்சனபுரியில பேர் பொறிச்ச கல்லறை வரிசையா இருக்கு. அவங்களைவிடப் பல மடங்கு செத்த ஆசியத் தொழிலாளிங்களுக்கு அப்படி இல்ல. நீர்க்கடன் இல்லாத சாம்பல். சகரன் பிள்ளைங்களாவது குற்றம் செஞ்சவங்க, இவங்க என்ன செஞ்சாங்க? அந்தப் பேர்களைத் தேடிச் சேர்க்கிறவங்க நம்ம நாட்டுல சில பேர் இருக்காங்க. அவங்க செய்யுற வேலைக்கு "பகீரத"ங்கிற அடைமொழி ஒரு எழுத்து கூட மிகை இல்ல.

இவ்வளவும் எழுதக் காரணம் ஒண்ணு இருக்கு. நம்ம கோயில் கும்பாபிஷேக மலருக்கு முன்னுரை தயாராகுது. அதுல "நடப்பு நிர்வாகத்தின் பகீரதப் பிரயத்தனத்தால்"னு ஒரு வரி வந்திருக்கு. அந்த வரியைப் பத்தித் தொண்டர்கள் கூட்டத்துல பேச்சு வந்தது. நிர்வாகம் மூணு வருஷமா அலைஞ்சு பணம் சேர்த்தது உண்மை. அதுல யாருக்கும் சந்தேகம் இல்ல. ஆனா இந்தக் கோயில் மூணு வருஷத்துக் கோயில் இல்லையே. தோட்டத்துல லயத்துக்குப் பின்னாடி ஒரு கல்லும் சூலமும் வச்சவங்க ஒரு தலைமுறை. தோட்டம் வித்தப்ப சாமியைத் தள்ளுவண்டியில ஏத்திக்கிட்டு வந்து, துத்தநாகக் கூரை போட்டு உக்கார வச்சவங்க அடுத்த தலைமுறை. நிலத்துக்காக அலுவலகம் அலுவலகமா மனு கொடுத்து, பதில் வராமலே கண்ணை மூடினவங்க அதுக்கடுத்த தலைமுறை.

அதுக்குப் பெரியவர் ஒருத்தர் நல்ல கேள்வி கேட்டார். "முடிச்சவனுக்குத்தானே பேர்? ஆத்துக்குப் பாகீரதின்னுதானே பேர் வந்துச்சு, அம்சுமான் பேர் வரலையே?" நியாயமான கேள்வி. நாங்க ரெண்டு நாள் யோசிச்சோம். ஆத்துக்குப் பேர் பகீரதனுடையதுதான், மறுக்கல. ஆனா கதையைச் சொன்ன விசுவாமித்திரர் எங்க தொடங்கினார்? சகரன்கிட்டேர்ந்து தொடங்கினார். தோத்துப் போன மூணு பேரையும் பேர் சொல்லி, எத்தனை வருஷம் பாடுபட்டாங்கன்னு கணக்கோட சொல்லிட்டுத்தான் பகீரதன்கிட்ட வந்தார். முன்னாடி இருந்த மூணு பேரை எடுத்துட்டா பகீரதன் கதை ஒரு ராஜா தண்ணி கொண்டுவந்த கதை, அவ்வளவுதான்.

அதனால அந்த வரியை எடுக்கச் சொல்லல. அது அங்கேயே இருக்கட்டும். அதுக்கு முன்னாடி ஒரு பக்கம் வேணும், அதுல அந்த மூணு தலைமுறையோட பேரும் வரணும்னு கேட்டிருக்கோம். நிர்வாகமும் சரின்னு சொல்லிட்டாங்க. இப்ப எங்க கையில இருக்கிறது 11 பேர் மட்டும். அதுல நாலு பேருக்கு முழுப் பேர் தெரியல, கூப்பிடுற பேர்தான் இருக்கு. முதல் பூசாரியா இருந்தவர் பேர் யாருக்குமே தெரியல. தள்ளுவண்டியில சாமி வந்த அன்னிக்கு எடுத்த படம் ஒண்ணு யாரோ வீட்டு அலமாரியில இருக்குன்னு கேள்விப்பட்டோம்.

உங்க வீட்டுல பழைய நன்கொடைச் சீட்டு, சாவு அறிவிப்பு, கல்யாணப் படம், அடையாள அட்டை எது இருந்தாலும் கொண்டு வாங்க. அசலை வாங்கிக்க மாட்டோம், அங்கேயே போன்ல படம் எடுத்துக்கிட்டுத் திருப்பிக் கொடுத்துடுவோம். வர்ற மூணு ஞாயித்துக்கிழமையும் காலை பூஜை முடிஞ்சதும் அன்னதானக் கூடத்துல மேசை போட்டு உக்கார்ந்திருப்போம். பாட்டிமாரை நேர்ல கூட்டிட்டு வந்தா இன்னும் நல்லது, அவங்களுக்கு நாற்காலியும் டீயும் உண்டு.